குடலுக்குள் சோறு

'பூடான்' என்றதும் இமயமலைச் சாரலில் உள்ள ராஜ்யம் நினைவுக்கு வந்தால் அது வாசகர் குற்றமல்ல. நான் சொல்ல வந்தது அமெரிக்காவின் தென்கோடியில், லூயிஸியானா மாகாணத்தில், கேஜன் என்ற மக்கள் சாப்பிடும் ஒரு பண்டத்தைப் பற்றி. சொல் பிரெஞ்சுச் சொல். கடைசி எழுத்தைப் பாதி மூக்கால் சொல்லி, மீதியை விழுங்கிவிட வேண்டும். பண்டம் என்னவோ எளியதுதான். பன்றி இறைச்சியை வேகவைத்து அரைத்து, சோற்றோடு பிசைந்து, பன்றிக் குடலுக்குள் அடைத்து, மறுபடி வெந்நீரில் போட்டு எடுப்பது. சைவ வாசகர்கள் இந்த இடத்திலேயே பக்கத்தைப் புரட்டிவிடலாம், எனக்கு வருத்தமில்லை. ஆனால் சோறு என்று வந்துவிட்ட பிறகு நமக்கும் அதில் கொஞ்சம் பாத்தியதை உண்டல்லவா?

இந்தக் கேஜன்கள் முதலில் சோறு தின்றவர்கள் அல்ல. கனடாவின் கிழக்குக் கரையில் அகேடியா என்ற பிரதேசத்தில் கோதுமை விளைவித்துக்கொண்டிருந்த பிரெஞ்சுக் குடியானவர்கள். 1755-இல் ஆங்கிலேய ஆட்சி அவர்களைக் கப்பல்களில் ஏற்றி விரட்ட ஆரம்பித்தது. புருஷன் ஒரு கரையில், பெண்டாட்டி ஒரு கரையில் என்று சிதறிப் போனவர்கள் உண்டு. 1760-களில் அவர்களில் ஒரு பகுதியினர் லூயிஸியானாவின் சதுப்பு நிலங்களுக்கு வந்து சேர்ந்தார்கள். 1785-இல் பிரான்ஸிலிருந்து ஏழு கப்பல்களில் இன்னும் சுமார் 1,600 பேர் வந்தார்கள். 'அகேடியன்' தேய்ந்து 'கேடியன்' ஆகி, அதுவும் தேய்ந்து 'கேஜன்' ஆயிற்று.

அவர்கள் வருவதற்கு முன்பே அங்கே நெல் இருந்தது. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் அந்தச் சேற்றில் அதை விளைவித்திருந்தார்கள். பிரான்ஸில் வெள்ளைப் பூடான் என்றால் இறைச்சியோடு பால், முட்டை, ரொட்டித் துருவல் எல்லாம் சேரும். லூயிஸியானாவுக்கு வந்த பூடான் ரொட்டியை விட்டுவிட்டுச் சோற்றைப் பிடித்துக்கொண்டது. வீட்டைப் பறிகொடுத்தவன் புது ஊரில் கிடைத்ததைக் கொண்டு பழைய பெயரில் சமைக்கிறான். இதை நான் பெரிய காரியம் என்றே நினைக்கிறேன்.

குளிர்சாதனப் பெட்டி இல்லாத காலத்தில் அங்கே குளிர் மாதங்களில் அக்கம்பக்கத்தார் கூடிப் பன்றி அடிப்பார்கள். அதற்கு 'பூஷ்ரி' என்று பெயர். இறைச்சியைப் பங்கு போட்டுக்கொண்டு, மிஞ்சிய துண்டு துணுக்கு, ஈரல் எல்லாவற்றையும் அன்றே தீர்த்தாக வேண்டும். பத்துப் பேருக்கு உள்ளதை இருபது பேருக்கு ஆக்கச் சோறு கைகொடுத்தது. இதைக் கேட்டுவிட்டுச் சிலர், சோறு வெறும் கலப்படம் என்கிறார்கள். அது ருசி அறியாதவர்கள் பேச்சு. இறைச்சி வெந்த சாற்றை வேறு எது அப்படிக் குடிக்கும்?

என் தங்கை லாஃபயெட் நகரில் குடியிருக்கிறாள். அவள் வீட்டில் ஒரு மாதம் தங்கியிருந்தபோது, அடுத்த வீட்டுப் பாட்டி பூடான் செய்வதைப் பக்கத்தில் நின்று பார்க்கக் கிடைத்தது. எண்பதைத் தாண்டியவர். மூன்று பவுண்டு தோள்பட்டை இறைச்சி, அரைப் பவுண்டு ஈரல். ஈரல் அதற்கு மேல் போனால் கசப்புத் தட்டுமாம். வெங்காயம், செலரித் தண்டு, குடமிளகாய் மூன்றும் சேர்ந்தால் அங்கே 'புனித மும்மூர்த்தி'. பூண்டு, மிளகு, மிளகாய்த் தூள், உப்பு. இரண்டு மணி நேரம் கொதித்து இறைச்சி தானே பிரிந்துவந்ததும் கொரகொரப்பாக அரைத்தார். மைய அரைத்தால் களிம்பாகிவிடும். சாற்றை ஒரு சொட்டுக்கூடக் கொட்டவில்லை. சோறு தனியே வடித்து ஆறியிருந்தது. ஏழு கோப்பை இருக்கும். வெங்காயத் தாளும் பார்ஸ்லித் தழையும் பச்சையாக நறுக்கிப் போட்டுப் பிசைந்து, கரண்டி கரண்டியாகச் சாற்றை விட்டுக்கொண்டே வந்தார்.

எல்லா வித்தையும் இந்த இடத்தில்தான். நம் கண்ணுக்குத் தளர்ந்து போய்விட்டது என்று தோன்றும். இன்னும் இரண்டு கரண்டி விட வேண்டும். சோறு அடைபட்ட பிறகும் குடித்துக்கொண்டே இருக்கும். இப்போது கெட்டியாக இருந்தால் சாப்பிடும்போது கட்டாந்தரைதான்.

உப்பிட்டு வைத்த குடலை ஊறவைத்து, குழாய்த் தண்ணீரை உள்ளே ஓடவிட்டு அலசி, புனலில் மாட்டி அடைத்தார். விம்ம விம்ம அடைக்கக் கூடாது. ஒரு சாணுக்கு ஒரு முறுக்கு. பிறகு வெந்நீரில் கால் மணி. தண்ணீர் கொதித்தால் குடல் வெடித்துவிடும். ஆவி பறந்தால் போதும்.

பாட்டி பிரெஞ்சு பேசிக்கொண்டு பள்ளிக்கூடம் போன தலைமுறை. 1921-இல் மாகாண அரசியல் சட்டம் பள்ளிகளில் ஆங்கிலம்தான் என்று விதித்துவிட்டது. வாய் தவறித் தாய்ப் பாஷையில் பேசிய குழந்தைகளுக்கு அடியும் முட்டிபோடுதலும் கிடைத்தன. பாட்டிக்கும் கிடைத்தது. "என் பிள்ளைகளுக்கு அந்தக் கதி வேண்டாம் என்று வீட்டில் ஆங்கிலத்திலேயே பேசினேன்" என்றார், குடலை முறுக்கிக்கொண்டே. 1968-இல் அதே மாகாண அரசு பிரெஞ்சை வளர்க்க ஒரு சபை அமைத்தது. அதற்குள் அவருடைய பிள்ளைகள் வளர்ந்துகொண்டிருந்தார்கள், ஆங்கிலத்தில்.

கல்லூரியில் படிக்கும் பேத்தி கூட இருந்தாள். அவளுக்குப் பிரெஞ்சில் சமையலறைச் சொற்கள் பத்துப் பன்னிரண்டு தெரியும்; அதற்கு மேல் இல்லை. பக்கத்து ஊரான ஸ்காட்டுக்கு 2012-இல் 'உலகத்தின் பூடான் தலைநகரம்' என்று சட்டசபையே பட்டம் சூட்டியிருக்கிறது. பெட்ரோல் பங்கிலேயே சுடச்சுடக் கிடைக்கிறது. ஜனங்கள் காரில் உட்கார்ந்தபடியே ஒரு முனையைக் கடித்து, பல்லால் குடலை இழுத்து, உள்ளே உள்ளதை மட்டும் உறிஞ்சுகிறார்கள். கடைப் பூடானும் ருசியாகவே இருக்கிறது. இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆகையால் வீட்டில் மெனக்கெடுகிறவர்கள் குறைவு. இவள் மெனக்கெட வந்திருந்தாள்.

"எத்தனை கரண்டி?" என்று கேட்டாள்.

"கேட்காதே, பார்" என்றார் பாட்டி.

அவள் விடவில்லை. பாட்டி எடுத்த ஒவ்வொரு கரண்டியையும் கையோடு நிறுத்தி, அளவுக் கிண்ணத்தில் ஊற்றி எழுதிக்கொண்டு, அப்புறம்தான் சோற்றில் விடச் சொன்னாள். பாட்டி பிரெஞ்சில் ஏதோ முணுமுணுத்தார். நிச்சயம் ஆசீர்வாதம் அல்ல. கடைசியில் ஐந்தரைக் கோப்பை என்று கணக்கு முடிந்தது.

மிளகாய்த் தூளை மட்டும் பாட்டி அதற்கு முன்பே, பேத்தி திரும்பி வெங்காயம் நறுக்கிய நேரத்தில், கையால் அள்ளிப் போட்டிருந்தார். குறிப்பில் அந்த இடம் காலியாக இருந்தது.