மயில்துத்தமும் அதன் நான்கு பெயர்களும்

இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., வேதியியல்

நாட்டு மருந்துக் கடையில் 'துருசு' என்று கேட்டால் காகிதத்தில் மடித்து நீலக்கட்டி ஒன்றைத் தருவார்கள். உரக்கடையில் 'மயில்துத்தம்' என்று கேட்டாலும் அதே நீலக்கட்டிதான் கிடைக்கும். நம் ஆய்வுக்கூடத்து அலமாரியில் 'காப்பர் சல்பேட் பென்டாஹைட்ரேட்' என்று சீட்டு ஒட்டிய புட்டியில் இருப்பதும் அதுவே. மனிதன் கை படாமல், பூமியில் தானே விளைந்து கிடக்குமானால் அதே பொருளுக்கு நான்காவதாக ஒரு பெயர் உண்டு. கனிம நூலார் அதைக் கால்காந்தைட் என்பர். முதல் மூன்றையும் அறிந்தவர்கள் நம்மிடையே பலர் உண்டு. நான்காவதை நம் மாவட்டத்தில் யாரும் கண்ணால் கண்டிருக்க வாய்ப்பில்லை. அதற்குக் காரணம் உண்டு. அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் பெயரைப் பார்ப்போம். கிரேக்க மொழியில் கால்கோஸ் என்றால் செம்பு. ஆந்தோஸ் என்றால் மலர். ஆகவே கால்காந்தைட் என்பது 'செம்பு மலர்'. ஆங்கில எழுத்துகளைப் பார்த்து நாம் 'சால்காந்தைட்' என்று படித்துவிடுகிறோம். கிரேக்கச் சொல் ககரத்தில்தான் தொடங்குகிறது. 1853இல் ஃபிரான்ஸ் ஃபான் கோபெல் என்ற ஜெர்மானிய அறிஞர் இக்கனிமத்திற்கு இப்பெயரைச் சூட்டினார். ஆயினும் சொல் அவர் படைத்ததன்று. கி.பி. முதல் நூற்றாண்டில் வாழ்ந்த ரோமானிய எழுத்தாளர் பிளினி, தமது இயற்கை வரலாற்று நூலில் 'கால்காந்தம்' என்ற பொருளை விவரித்திருக்கிறார். ஸ்பெயின் நாட்டில் அது கலந்த ஊற்று நீரைக் காய்ச்சி மரத்தொட்டிகளில் ஊற்றுவார்களாம். தொட்டியின் குறுக்கே கட்டிய சட்டங்களிலிருந்து, கல் கட்டிய கயிறுகளைத் தொங்கவிடுவார்களாம். கயிற்றின்மேல் கண்ணாடி போன்ற நீல மணிகள் திராட்சைக் குலை போலப் படியுமாம்.

இதைப் படித்தபோது எனக்கு ஸ்பெயின் நினைவுக்கு வரவில்லை. பனங்கற்கண்டுதான் நினைவுக்கு வந்தது. பதநீர்ப் பாகைக் காய்ச்சி, நூல் கட்டிய பாத்திரத்தில் ஊற்றி, அசையாமல் பல நாள் வைத்திருந்தால் நூலைப் பற்றிக்கொண்டு கற்கண்டு விளைகிறது. கயிறு, பொறுமை, கெட்டியான கரைசல் ஆகிய இம்மூன்றும் அங்கும் உண்டு, இங்கும் உண்டு. கால்காந்தம், கற்கண்டு என்று ஒலியும் சற்று ஒத்துப்போகிறது. இவ்வொலி ஒற்றுமை தற்செயலானதே. இதை வைத்துச் சொல்லாராய்ச்சியில் யாரும் இறங்கிவிட வேண்டாம்.

கிரேக்கன் மலரைக் கண்டான். நம்மவர்கள் மயிலைக் கண்டார்கள். வடமொழியில் இதற்குள்ள பெயர்களில் ஒன்று 'சிகிக்ரீவம்'. மயிலின் கழுத்து என்பது பொருள். தமிழ்ப் பெயரில் நிறம் மட்டுமன்று, குடும்பமும் இருக்கிறது. வெண்ணிறமான துத்தநாக சல்பேட்டைப் பால்துத்தம் என்று அழைத்தார்கள். செம்பு உப்பும் துத்தநாக உப்பும் ஒரே வகையைச் சேர்ந்தவை, நிறத்தில் மட்டும் மாறுபட்டவை என்ற அறிவு இப்பெயர்களிலேயே அடங்கிக் கிடக்கிறது. ஐரோப்பாவில் இதே வேலையை 'விட்ரியால்' என்ற சொல் செய்தது. கண்ணாடியைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது அது. நீல விட்ரியால் செம்பு, வெள்ளை விட்ரியால் துத்தநாகம், பச்சை விட்ரியால் இரும்பு. இந்த மூன்றாவதை மட்டும் நம்மவர்கள் துத்தம் என்னாமல் அன்னபேதி என்று தனிப்பெயரிட்டு அழைத்தார்கள்.

இனி இக்கனிமம் ஏன் அரிது என்பதைப் பார்ப்போம். பூமிக்கடியில் செம்பு பெரும்பாலும் கந்தகத்தோடும் இரும்போடும் கூடிக் கால்கோபைரைட் என்னும் பொன்னிறக் கனிமமாக இருக்கிறது. சுரங்கம் தோண்டும்போது காற்றும் நீரும் அதைத் தொடுகின்றன. கந்தகம் ஆக்ஸிஜனை ஏற்றுச் சல்பேட்டாகிறது. செம்பு அதனோடு சேர்ந்து நீரில் கரைந்து நீலக் கசிவாகச் சுவரில் வழிகிறது. அங்கே காற்று உலர்ந்ததாக இருந்தால் நீர் ஆவியாகி நீலப் பொருக்கு எஞ்சுகிறது. சில இடங்களில் மயிரிழை போலவும், சில இடங்களில் கூரையிலிருந்து தொங்கும் விழுது போலவும் அது வளர்கிறது. ஆனால் 20 டிகிரி வெப்பத்தில் 100 கிராம் நீர் ஏறக்குறைய 32 கிராம் மயில்துத்தத்தைக் கரைத்துவிடும். ஒரு நல்ல மழை போதும், விளைந்ததெல்லாம் போய்விடும். தென்னமெரிக்காவின் சிலி நாட்டில் மழையே காணாத அட்டகாமா பாலைவனத்துச் சுக்கிகமட்டா சுரங்கத்தில் இது மிகுதியாகக் கிடைத்ததற்குக் காரணம் அந்த வறட்சியே.

நம் பகுதியில் இதைப் புரிந்துகொள்ள உப்பளத்தைப் பார்த்தால் போதும். மாமல்லபுரத்திலிருந்து கடற்கரைச் சாலையில் தெற்கே சென்றால் மரக்காணத்து உப்பளங்கள் வரும். கோடையில் பாத்திகளில் வெள்ளை வெளேரென்று உப்பு பூத்திருக்கும். ஐப்பசியில் வடகிழக்குப் பருவமழை இறங்கினால் வேலை நின்றுவிடும்; வாராமல் விட்ட உப்பு மறுபடி நீராகிவிடும். கால்காந்தைட்டின் கதையும் இதுதான். கடல் உப்புக்காவது மூலப்பொருளுக்குப் பஞ்சமில்லை. செம்புத்தாதோ நம்மிடம் அதிகமில்லை. பழைய தென்னாற்காடு மாவட்டத்து மாமண்டூரில் செம்பு, காரீயம், துத்தநாகம் கலந்த தாது கண்டறியப்பட்டிருக்கிறது. இது பாலாற்றங்கரையில் நெடுஞ்சாலை ஓரம் நாம் தினமும் பேருந்தில் கடக்கும் மாமண்டூர் அன்று. நண்பர்கள் விடுமுறையில் சுத்தியலோடு கிளம்பிவிட வேண்டாம்!

அரிய பொருள் என்றால் போலியும் உண்டல்லவா? மயில்துத்தத்தைப் பழைய கற்கள்மீது வளர்த்து, இயற்கையாய்க் கிடைத்த கால்காந்தைட் என்று சேகரிப்போரிடம் விற்பவர்கள் வெளிநாடுகளில் உண்டு. நம் ஆய்வுக்கூடத்தில் தெவிட்டிய கரைசலில் நூல் கட்டித் தொங்கவிட்டால் சில வாரங்களில் சுரங்கத்துப் பொருக்கைவிட அழகான படிகம் கிடைக்கும். வாய்பாடு ஒன்றே. உள்ளமைப்பும் ஒன்றே. 1934இல் பீவர்ஸ், லிப்சன் என்ற இருவர் எக்ஸ் கதிர்களைக் கொண்டு இப்படிகத்தின் உள்ளமைப்பைக் கண்டறிந்தார்கள். ஐந்து நீர் மூலக்கூறுகளில் நான்கு செம்பைச் சூழ்ந்து நிற்கின்றன. ஐந்தாவது மட்டும் சல்பேட்டைப் பற்றிக்கொண்டு தனித்து நிற்கிறது. சூடேற்றும்போது கடைசிவரை போகாமல் அடம்பிடிப்பது அந்த ஐந்தாவதுதான். அதுவும் போனபின் எஞ்சுவது வெண்தூள். ஒரு சொட்டு நீர் விட்டால் மயில் திரும்பி வந்துவிடும். இவையனைத்தும் இயற்கைப் படிகத்திற்கும் நம் படிகத்திற்கும் பொது. இருந்தும் நாம் வளர்த்ததைக் கால்காந்தைட் என்று அழைக்கும் உரிமை நமக்கில்லை. இயற்கை தானே செய்ததுதான் கனிமம் என்பது அத்துறையின் விதி. இந்த விதி எனக்கு முதலில் வீம்பாகத் தோன்றியது. ஒரு கனிமத்தின் பெயர் அது என்ன பொருள் என்பதோடு எப்படிப் பிறந்தது என்பதையும் சேர்த்துச் சொல்கிறது என்று எங்கள் விரிவுரையாளர் விளக்கியபின் ஒருவாறு ஒப்புக்கொண்டேன்.

கனிமப் பெயர்களெல்லாம் மலரைப் பார்த்து வைக்கப்பட்டவை அல்ல. செம்பின் இன்னொரு சல்பேட் பச்சை நிறமானது. அதற்குப் பிரெஞ்சு அறிஞர் புரோஷான் தெ வில்லியேயின் பெயரால் புரோஷான்டைட் என்று பெயர். கந்தகப் புகை சூழ்ந்த நகரங்களில் செப்புக் கூரைகளும் சிலைகளும் பச்சையாவது பெரும்பாலும் இதனால்தான். மாமல்லபுரம் போன்ற கடலோர ஊர்களில் செப்புக் கலசத்தில் ஏறும் களிம்பில், உப்புக் காற்றின் குளோரைடு சேர்ந்த பச்சைக்கும் இடமுண்டு. அவ்வகையில் ஒன்று அட்டகாமைட். பாலைவனத்தின் பெயர் அதற்கு. நம் கண்ணுக்கு எல்லாம் களிம்பே.

நம் ஊர்க் கற்களுக்கு யார் பெயர் வைத்தார்கள்? பல்லாவரத்திலும் பரங்கிமலையிலும் காணப்படும் கருநீலக் கல்லைத் தாமஸ் ஹாலண்ட் என்ற புவியியலறிஞர் ஆராய்ந்தார். கல்கத்தாவை நிறுவியவர் என்று நெடுங்காலம் சொல்லப்பட்டு வந்த ஜாப் சார்னாக்கின் கல்லறைக்கல்லும் இதே வகை என்று கண்டு, 1893இல் சார்னோகைட் என்று பெயரிட்டார். பல்லவர் பெயரைத் தாங்கிய ஊரில் பிறந்த கல், எங்கோ கிழக்கே புதைக்கப்பட்ட கம்பெனி அதிகாரியின் பெயரால் உலகெங்கும் வழங்குகிறது. எனக்கு இதில் சிறு மனத்தாங்கல் உண்டு. ஹாலண்டுக்கும் பின்னர் ஒரு கனிமம் கிடைத்தது; 1906இல் மத்தியப் பிரதேசத்து மாங்கனீசுக் கனிமம் ஒன்றுக்கு ஹாலண்டைட் என்று பெயர் வைத்தார்கள்.

மனத்தாங்கலுக்கு மருந்தும் அந்தப் பட்டியலிலேயே இருக்கிறது. வைரத்திற்கு அடுத்த கடினமுடைய கொரண்டம் என்னும் கனிமத்தின் பெயர் நம் 'குருந்தம்' என்ற சொல்தான். செம்மணியும் நீலமணியும் இதன் வகைகளே. பதினெட்டாம் நூற்றாண்டில் சென்னையிலிருந்த ஆண்டர்சன் என்ற மருத்துவர், இங்குள்ளவர்கள் மணிகளைப் பட்டை தீட்டப் பயன்படுத்தும் கல் இது என்ற செய்தியோடு ஒரு பெட்டி நிறைய எடின்பரோவுக்கு அனுப்பினார். 1798இல் சார்லஸ் கிரெவில் இதைப் பற்றி இலண்டன் ராயல் சொசைட்டியில் கட்டுரை படித்தார். கல்லோடு அதைக் கையாண்டவரின் சொல்லும் கப்பல் ஏறியதால் அது நிலைத்தது. சார்னோகைட்டுக்கு அந்த வாய்ப்பு இல்லாமல் போயிற்று. மாமல்லபுரத்துச் சிற்பிகள் கல்லைத் தட்டி ஓசை கேட்டு ஆண் கல், பெண் கல் என்று இன்றும் பிரிக்கிறார்கள். அவர்களுடைய அகராதி எந்தப் புவியியல் நூலிலும் ஏறவில்லை.

மயில்துத்தத்திலும் அப்படி ஏறாத அறிவு உண்டு. என் தந்தையார் மாந்தோப்புகளில் கூலிக்கு மருந்தடிப்பவர், பள்ளிக்கூடம் சென்றதில்லை. ஒரு கிலோ மயில்துத்தம், ஒரு கிலோ சுண்ணாம்பு, நூறு லிட்டர் நீர் என்று அவர் கலக்கும் மருந்துக்குப் போர்டோ கலவை என்று பெயர். பிரான்சில் போர்டோ பகுதியில் வழிப்போக்கர்கள் திராட்சையைப் பறிக்காமலிருக்கச் சாலையோரக் கொடிகளில் இந்த நீலத்தைத் தெளித்து வைத்தார்கள். அக்கொடிகளுக்கு மட்டும் நோய் வராததைக் கவனித்த மில்லார்டே என்ற பேராசிரியர் 1885இல் அதை வெளியிட்டார். என் தந்தையாருக்கு மில்லார்டேயைத் தெரியாது. ஆனால் கலவை தயாரானதும் பளபளப்பான கத்தியை அதில் நனைத்துப் பார்ப்பார். கத்தியில் செம்மை படிந்தால் இன்னும் சுண்ணாம்பு சேர்ப்பார். இரும்பு வாளியைத் தொடவே மாட்டார். இரும்பு செம்பைக் கரைசலிலிருந்து வெளியேற்றும் என்ற அந்த வினையை நான் மின்வேதி வரிசை என்ற தலைப்பில் கல்லூரியில் படித்தேன். சீனத்தில் சோங் மன்னர் காலத்தில் நீலச் சுனை நீரில் இரும்பைப் போட்டுச் செம்பெடுத்ததும் இதே வினைதான்.

ஒன்று மட்டும் அவருக்கு யாரும் சொல்லவில்லை. அவர் வாங்கி வரும் பொட்டலத்தில் 'காப்பர் சல்பேட்' என்றும், அபாயக் குறிப்பும் ஆங்கிலத்தில் அச்சாகியிருந்தன. மயில்துத்தம் என்ற சொல் எங்கும் இல்லை. வீட்டில் அது உப்புப் பானைக்குப் பக்கத்து மாடத்தில் பல ஆண்டுகள் இருந்தது. சில கிராம் உள்ளே போனாலே கடும் வாந்தி உண்டாகும். அளவு கூடினால் இரத்த அணுக்கள் சிதையும், ஈரலும் சிறுநீரகமும் கெடும், உயிருக்கே ஆபத்து. பார்ப்பதற்கோ கற்கண்டுபோல் இருக்கிறது. என் தங்கைக்கு அப்போது நான்கு வயது. நான் பி.எஸ்ஸி. சேர்ந்து, புட்டியின் சீட்டையும் பொட்டலத்தின் சீட்டையும் ஒப்பிட்டுப் பார்த்த அன்றுதான் அது மாடத்தைவிட்டு இறங்கியது. இப்போது பூட்டிய தகரப் பெட்டியில், என் கையால் தமிழில் எழுதிய சீட்டோடு இருக்கிறது.

எங்கள் வகுப்பு நண்பர்கள் சிலர் இப்போது ஒரு பட்டியல் தயாரித்து வருகிறோம். கடையிலும் வீட்டிலும் தொழிலிலும் வழங்கும் பெயர் ஒருபுறம், ஆய்வுக்கூடப் பெயர் மறுபுறம், நஞ்சாயின் சிவப்பு மையில் ஒரு புள்ளி. துருசு, அன்னபேதி, பால்துத்தம், படிகாரம், வெங்காரம், நவச்சாரம், வெடியுப்பு, அரிதாரம், மனோசிலை, சாதிலிங்கம் வரை வந்திருக்கிறோம். தச்சர், பொற்கொல்லர், சலவைத் தொழிலாளர், மீனவர் வீட்டு மாணவர்களிடம் நாங்கள் அறியாத பெயர்கள் இருக்கும். வேதியியல் துறை வாயிலில் தாள் தொங்குகிறது, பென்சிலும் கட்டியிருக்கிறோம்.