பின்சில்லின் சூடு

மலையகத்திலிருந்து வரும் விபத்துச் செய்திகளுக்கென்று ஓர் அச்சு உண்டு. பஸ்ஸோ லொறியோ வீதியை விட்டு விலகி இத்தனை அடி பள்ளத்தில் பாய்ந்தது. இத்தனை பேர் வைத்தியசாலையில் அனுமதிக்கப்பட்டனர். பிரேக் செயலிழந்தமையே விபத்துக்குக் காரணம் என ஆரம்பகட்ட விசாரணைகளில் தெரியவந்துள்ளது. மேலதிக விசாரணைகளைப் பொலிஸார் மேற்கொண்டு வருகின்றனர். முப்பது வருடங்களுக்கு மேலாக இந்த அச்சில் வார்த்த செய்திகளைத் திருத்தியும் தலைப்பிட்டும் பக்கத்துக்கு அனுப்பி வந்திருக்கிறேன். அந்த மேலதிக விசாரணை எங்கே போய் முடிந்தது என்று ஒரு தடவையாவது பிரசுரித்ததாக நினைவில்லை. 'மழை பெய்தது', 'மண் சரிந்தது' என்று எழுதுவது போலத்தான் 'பிரேக் செயலிழந்தது' என்றும் எழுதியிருக்கிறேன். அது எப்படிச் செயலிழக்கிறது என்று எனக்குத் தெரியாது. கலைப்பட்டதாரிக்கு அது தெரியவேண்டிய அவசியமும் இல்லை என்று நினைத்திருந்தேன்.

சில மாதங்களுக்கு முன் நுவரெலியாவில் ஒரு மரணவீட்டுக்குச் சென்று திரும்பினோம். நானுஓயாவிலிருந்து ரதல்ல குறுக்கு வீதியால் இறங்கி, தலவாக்கலை தாண்டி, ஹட்டனுக்கு அப்பாலுள்ள வீட்டுக்கு வந்து சேர்ந்தபோது இருட்டிவிட்டது. காரை நிறுத்தி இறங்கியதும் கருகிய மணம். வலப்பக்கப் பின்சில்லின் அருகே கையைக் கொண்டுபோனேன், வைக்க முடியவில்லை. போத்தலில் இருந்த தண்ணீரைச் சில துளிகள் தெளித்தேன். தோசைக்கல்லில் தெளித்ததுபோலச் சுர்ரென்றது. மற்ற மூன்று சில்லுகளும் வெதுவெதுப்பாக மட்டுமே இருந்தன.

ரதல்ல வீதியை அறியாதவர்களுக்காக ஒரு செய்தியைச் சொல்லவேண்டும். 2023 ஜனவரி 20ஆம் திகதி இரவு, கொழும்பிலிருந்து சுற்றுலா வந்த பாடசாலை மாணவர்களை ஏற்றிய பஸ் அந்த இறக்கத்தில் ஒரு வானுடனும் முச்சக்கரவண்டியுடனும் மோதிப் பள்ளத்தில் விழுந்தது. ஏழு பேர் இறந்தார்கள். அன்று இரவும் எங்கள் அச்சுக்கு வேலை இருந்தது. அதே இறக்கத்தில்தான் ஒரு சில்லு எரிந்துகொண்டிருப்பது தெரியாமல், பின்னிருக்கையில் பேத்தி உறங்க, பாட்டுக் கேட்டுக்கொண்டு இறங்கி வந்திருக்கிறேன்.

கார் பழையது. ஜப்பானில் ஓடி முடித்து இங்கு வந்து, இப்போது இருபத்தைந்து வயதைக் கடந்துவிட்டது. 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டது. தனியார் கார்களுக்கு மீண்டும் வழி திறந்தது 2025 பெப்ரவரியில்தான். அந்த ஐந்து வருடங்களில் இந்நாட்டில் எந்தக் காரும் ஓய்வுபெறவில்லை. இடையில் 2022 மார்ச்சில் டொலர் 200 ரூபாவிலிருந்து சில வாரங்களுக்குள் 300ஐத் தாண்டியது. உதிரிப்பாகக் கடைகளில் விலை கேட்பதையே நாங்கள் விட்டுவிட்டோம். வருடந்தோறும் புகைப் பரிசோதனைக்குக் கொண்டுபோய்ச் சான்றிதழ் எடுப்பேன். புகைக்குழாயில் கருவியைச் செருகுவார்கள், தாள் தருவார்கள். பிரேக்கை எவரும் பார்ப்பதில்லை. நானும் பார்க்கவில்லை.

நகரத்துக் கராஜ் ஒன்றில் காட்டினேன். இரண்டு பக்கமும் முழுக் கலிப்பரையே மாற்றவேண்டும் என்றார்கள். பாகம் வர இரண்டு கிழமை, விலை என் ஒரு மாதச் சம்பளத்தை நெருங்கியது. அப்போதுதான் எங்கள் தோட்டத் தொழிற்சாலையில் பிட்டராக இருந்து ஓய்வுபெற்ற அண்ணன் ஒருவரின் நினைவு வந்தது. கொழுந்து அரைக்கும் ரோலர்களோடும் பெல்ட்டுகளோடும் நாற்பது வருடம் மல்லுக்கட்டியவர். துரைமாரின் ஒஸ்டின், மொரிஸ் மைனர் கார்களையெல்லாம் கழற்றிப் பூட்டியிருக்கிறார். காரைச் சுற்றி வந்தார், சில்லைக் கையால் சுழற்றிப் பார்த்தார். "புதுசு எதுக்கு தம்பி? கழட்டிப் பாப்போம். செத்துப்போயிருந்தா அப்புறம் வாங்கலாம்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை காலை முற்றத்தில் வேலை தொடங்கியது. முற்றம் சமதரை, எங்கள் பக்கத்தில் அது ஒரு சொத்து. முன்சில்லுகளுக்கு முன்னும் பின்னும் கல் வைத்தோம். ஹேண்ட் பிரேக்கை விட்டோம். பின்பக்கக் கலிப்பரோடு அதன் கேபிள் பூட்டியிருப்பதால் இழுத்து வைத்துக்கொண்டு எதையும் கழற்ற முடியாது. சில்லு தரையில் இருக்கும்போதே நட்டுகளைத் தளர்த்திவிட்டு, பிறகு ஜாக்கி. ஜாக்கியை மட்டும் நம்பிக் கையை உள்ளே விட அவர் சம்மதிக்கவில்லை. பழைய சிலிப்பர் கட்டைத் துண்டுகளை அடுக்கி அதன்மேல் காரை இறக்கினார்.

கலிப்பர் என்பது ஒரு பெரிய கவ்வி. சில்லோடு சேர்ந்து சுழலும் இரும்புத் தட்டை இருபுறமும் இரண்டு பேட்களால் கவ்விப் பிடிக்கிறது. பிரெட்ரிக் லாஞ்செஸ்டர் என்ற ஆங்கிலப் பொறியியலாளர் 1902இலேயே தட்டுப் பிரேக்குக்குக் காப்புரிமை பெற்றார். ஆயினும் 1953இல் லெ மான் ஓட்டப்பந்தயத்தை அத்தகைய பிரேக் பூட்டிய ஜாகுவார் வென்ற பிறகுதான் உலகம் அதைத் திரும்பிப் பார்த்தது. என் காரில் உள்ளது ஒரே பிஸ்டன் கொண்ட வகை. பிஸ்டன் உட்பக்கப் பேட்டைத் தள்ளும். அதன் எதிர்விசையில் கலிப்பரே இரண்டு ஊசிகளின்மேல் வழுக்கி நகர்ந்து வெளிப்பக்கப் பேட்டை இழுத்துவரும். ஆக, அந்த இரண்டு ஊசிகளும் வழுக்க வேண்டும், பிஸ்டன் போய்வர வேண்டும். இந்த இரண்டில் ஒன்று இறுகினாலும் பேட் தட்டை விட்டு விலகாது.

எங்களுக்கு இரண்டுமே இறுகியிருந்தன. மேல் ஊசி கையோடு வந்தது. கீழ் ஊசி வரவில்லை. துரு இளக்கும் எண்ணெய் விட்டு, தட்டி, திருகி, தேநீர் குடித்து, மறுபடி திருகி, முக்கால் மணி நேரம் கழித்துத்தான் வந்தது. அதன் ரப்பர் உறை ஊதிப் பருத்திருந்தது. "யாரோ சும்மா கிரீஸ் அடிச்சிருக்கான்" என்றார். ஊசிக்குச் சிலிக்கன் கிரீஸ்தான் பூச வேண்டுமாம். சாதாரண கிரீஸ் பிரேக் ரப்பரை ஊதச் செய்துவிடும். முந்திய வருடம் பேட் மாற்றக் கொடுத்த இடத்தில் நடந்த வேலை அது. கொடுத்துவிட்டு எதிர்க்கடையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தவன் நான்.

அப்போது நானும் ஒரு திருவிளையாடல் செய்யப் பார்த்தேன். கழற்றிய பாகங்களைச் சுத்தம் செய்வோமென்று பெற்றோல் போத்தலை எடுத்து வந்தேன். கையைப் பிடித்துவிட்டார். "பெற்றோல்ல போடாதீங்க தம்பி. ரப்பர் போயிரும். பிரேக் ஒயில் போட்டே தொடைங்க."

பிஸ்டனைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும், ஏனெனில் என்னை வியக்க வைத்தது அதுதான். பிரேக்கை விட்டதும் பிஸ்டன் எப்படிப் பின்வாங்குகிறது? ஸ்பிரிங் ஏதும் இருக்குமென்று தேடினேன். இல்லை. பிஸ்டனைச் சுற்றி ஒரு சதுரவெட்டு ரப்பர் வளையம் இருக்கிறது. பிரேக் மிதிக்கும்போது பிஸ்டனோடு சேர்ந்து அது சற்றே முறுகுகிறது. விட்டதும் தன் பழைய வடிவத்துக்குத் திரும்புகையில் பிஸ்டனையும் ஒரு மயிரிழை பின்னால் இழுத்துக்கொள்கிறது. காரின் பின்சில்லு சுதந்திரமாகச் சுழல்வது அந்த மயிரிழையால். வெளிப்புறத் தூசியுறை கிழிந்து தண்ணீர் உள்ளே போனால் பிஸ்டன் துருப்பிடிக்கும். பிறகு அந்த வளையத்தின் வலு போதாது. முன்பிரேக்கே நிறுத்தும் பாரத்தின் பெரும்பகுதியைச் சுமப்பதால் பின்பிரேக்குக்கு வேலை குறைவு. வேலை குறைந்த பாகம் எங்கள் மூடுபனியிலும் மழையிலும் சும்மா கிடந்து இறுகுகிறது.

ஹேண்ட் பிரேக்கும் அதற்குள்ளேயே இருப்பதால் இந்தப் பிஸ்டனை நேராக அமுக்கி உள்ளே தள்ள முடியாது. திருகித்தான் இறக்க வேண்டும். அதன் முகத்தில் உள்ள வெட்டுகளில் கூர்மூக்குக் குறட்டை வைத்துச் சுற்றி இறக்கினோம். முன்பு வேலை செய்தவர் கவ்வி போட்டு நெரித்திருக்கிறார். முகத்தில் அதன் தழும்பு இருந்தது. வலப்பக்கப் பிஸ்டனின் பக்கவாட்டில், சரியாக வளையம் உட்காரும் இடத்தில், துரு குழி பறித்திருந்தது. அண்ணன் அதை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்துவிட்டு "இது செத்துருச்சு" என்றார். இடப்பக்கப் பிஸ்டன் தேய்த்ததும் பளபளத்தது. அடுத்த கிழமை கொழும்பில் பஞ்சிகாவத்தைத் தெருவில் நான்கு கடை ஏறி இறங்கி, ஒரு பிஸ்டனும் இரண்டு பக்கத்துக்குமான சீல் கிட்டும் வாங்கிவந்தேன். வந்த செலவு கராஜ் சொன்ன தொகையில் ஐந்தில் ஒன்றுகூட இல்லை.

பூட்டி முடித்துப் பழைய பிரேக் ஒயிலை வெளியேற்றத் தொடங்கியபோது வெட்கமாக இருந்தது. பிளேன்ரீ நிறத்தில் வந்தது. காரை வாங்கி ஆறு வருடமாக அதை நான் மாற்றவில்லை. மாற்ற வேண்டிய ஒன்று என்பதே தெரியாது. இந்த ஒயில் காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும் தன்மையுடையது. டொட் 3 என்ற தரத்தில் புதியது குறைந்தது 205 பாகை செல்சியஸ் வரை கொதிக்காமல் தாங்க வேண்டும். 3.7 சதவீதம் தண்ணீர் சேர்ந்தபின் அந்த வரம்பு 140 பாகை. இறுகிய கலிப்பர் சூடேற்ற, ஈரம் சேர்ந்த ஒயில் கொதித்து ஆவியாகும். திரவம் அமுங்காது, ஆவி அமுங்கும். மிதி கடைசிவரை போகும், கார் நிற்காது. முப்பது வருடமாக நான் எழுதிய அந்தச் சொற்றொடருக்கு என் காரில் இதுதான் பொருளாக இருந்திருக்கும்.

ஒரு கணக்கும் போட்டுப் பார்த்தேன். நுவரெலியா 1,868 மீற்றர் உயரம். கண்டி ஏறத்தாழ 500. ஆட்களோடு 1,300 கிலோ எடையுள்ள கார் ஒன்று அந்த உயரத்தை இறங்கித் தீர்க்கையில் வெளிவிடும் சக்தி, ஐம்பது லீற்றர் பச்சைத்தண்ணீரைக் கொதிக்க வைக்கப் போதுமானது. காற்றும் வீதியும் ஒரு பங்கை வாங்கிக்கொள்ளும். சிறிய கியரில் இறங்கினால் எஞ்சினும் தாராளமாக ஒரு பங்கை வாங்கும். எஞ்சியது முழுவதும் நான்கு தட்டுகளின் தலையில். பஸ்ஸுக்கு எடை பன்மடங்கு. அதன் பிரேக் காற்றமுக்கத்தில் இயங்கும் வேறு வகை. ஆனால் சூடு சூடுதான். ஏறின கியரிலேயே இறங்கு என்று பழைய சாரதிகள் சொல்வதன் கணக்கு இதுவே. 2025 செப்டெம்பர் 4ஆம் திகதி இரவு எல்ல - வெல்லவாய வீதியில் பள்ளத்தில் விழுந்த பஸ்ஸில் 15 பேர் இறந்தபோதும் பிரேக் என்றே செய்திகள் வந்தன. அந்தப் பஸ் எந்தக் கியரில் இறங்கியது, அதன் பிரேக்கைக் கடைசியாகத் திறந்து பார்த்தவர் யார் என்று அன்று நான் எந்த நிருபரிடமும் கேட்கவில்லை.

காற்று எடுக்க இருவர் வேண்டும். மனைவி சாரதி ஆசனத்தில். "அழுத்து... பிடி... விடு" என்று அண்ணன் கீழிருந்து குரல் கொடுக்க, நான் குழாயின் நுனியைப் போத்தலில் பிடித்திருந்தேன். "இன்னும் எத்தனை தடவைங்க?" என்று அவள் கேட்ட வேளையில் கடைசிக் குமிழி வந்தது, பிறகு தெளிந்த ஒயில். மிதி கல்லைப்போல நின்றது.

மாலையில் கோயிலடி ஏற்றத்தில் சோதித்தோம். பாதி ஏற்றத்தில் நிறுத்தி, எஞ்சினை அணைத்து, ஹேண்ட் பிரேக்கை இழுத்தேன். முன்பு ஒன்பது பல் இழுத்தும் நழுவிய கார், ஐந்தில் நின்றது. அண்ணன் இறங்கிப்போய் வீதியோரக் கல்லொன்றைத் தூக்கிவந்து பின்சில்லுக்கு அண்டைகொடுத்துவிட்டு, பிறகுதான் சில்லின் அருகே குனிந்தார். "அதுதான் பிரேக் பிடிக்குதே அண்ணே" என்றேன். "பிடிக்கட்டும் தம்பி" என்றார்.

அதற்குச் சில கிழமைகளின் பின் எங்கள் பிரதேச நிருபர் ஒருவர் அலைபேசியில் வந்தார். விறகு லொறி ஒன்று இறக்கத்தில் புரண்டுவிட்டது, சாரதிக்குக் கால் முறிவு, உயிர்ச்சேதமில்லை. "பிரேக் பெயிலியர் சேர்" என்றார். யார் சொன்னது என்றேன். பொலிஸார். மோட்டார் வாகனப் பரிசோதகர் பார்த்துவிட்டாரா? தெரியாது. சாரதியிடம் கேட்டீரா? அவர் ஆஸ்பத்திரியில் என்றார். ஆஸ்பத்திரிக்குப் போய்க் கேளும் என்றேன். மறுமுனையில் சற்று மௌனம். பத்து வரிச் செய்திக்கு இத்தனை கேள்வியா என்று நினைத்திருப்பார்.

நான்காம் நாள் அழைத்தார். பிரேக் பிடிக்கவில்லை என்று சாரதி இரண்டு கிழமைகளுக்கு முன்பே உரிமையாளரிடம் சொல்லியிருக்கிறார். இந்த மாதப் பாரம் முடியட்டும், பிறகு பார்க்கலாம் என்பது பதிலாம். உரிமையாளரிடமும் கேட்கச் சொன்னேன், அவர் மறுத்தார். இரண்டையும் சேர்த்து எழுதி வாங்கி, ஆறாம் பக்கத்தில் இரண்டு பத்தியில் போட்டோம்.