மாதுங்காவில் ஒரு வாழையிலை

சென்ற மாதம் ஒரு ஞாயிறன்று, மாதுங்கா ரயில் நிலையத்தருகே ராம நாயக்கின் உடுப்பி ஸ்ரீகிருஷ்ணா போர்டிங்குக்குச் சென்றிருந்தோம். வரிசை நீளமாயிருந்தது, எங்கள் பசி அதனினும் நீளம். இலையில் சோறு விழுந்தபோது, இவ்விடுதி தோன்றிய ஆண்டு 1942 என்பது நினைவுக்கு வந்தது.

சோற்றை நம்பிக் கடை திறக்க அதைவிடப் பொல்லாத ஆண்டு இராது. அவ்வாண்டு மார்ச்சு மாதத்தில் ரங்கூன் ஜப்பானியர் வசமாயிற்று. ஆண்டுதோறும் பத்து லட்சம் டன்னுக்கு மேல் வந்துகொண்டிருந்த பர்மா அரிசி நின்றது. 1943 மே மாதம் பம்பாயில் பங்கீடு தொடங்கிற்று. அரிசியே உணவென்றிருந்த நம்மவரும் கோதுமையோடும் சோளத்தோடும் பழக வேண்டியதாயிற்று.

பஞ்சத்துக்குப் பர்மா மட்டுமே காரணமன்று. பிரிட்டன் தன் படைகளுக்கான பண்டங்களை இந்தியாவில் வாங்கிற்று. விலையை லண்டனில் கடனாக எழுதி வைத்தது. அக்கணக்கைக் காட்டி ரிசர்வ் வங்கி இங்கே நோட்டு அச்சிட்டது. யுத்தம் முடிவதற்குள் நோட்டுப் புழக்கம் ஆறு மடங்குக்கு மேலாயிற்று; லண்டன் கடனோ ஏறத்தாழ 130 கோடி பவுன். கடன் ஏட்டில் இருந்தது. விலையேற்றம் அடுப்படியில் இருந்தது. பம்பாயிலிருந்து மணியார்டரில் போன பத்து ரூபாய், ஊரில் முன்போல நெல் வாங்கவில்லை.

ஆயினும் நகரத்தானுக்கு அட்டை இருந்தது. கிராமத்து ஏழைக்கு அதுவுமில்லை. வங்காளத்தில் 1943-ல் தொடங்கிய பஞ்சத்தில் ஏறத்தாழ முப்பது லட்சம் பேர் மாண்டனர். மிகப் பெரும்பாலோர் கிராமத்தார். யுத்தத்துக்கு வேண்டிய ஆலையும் துறைமுகமும் நகரத்தில் இருந்தமையால், சர்க்காரின் கவலையும் அங்கேயே நின்றது.

பொதுவுடைமை நாட்டிலாவது வேறு விதமாக நடந்ததா என்று பார்த்தால், வியப்பே மிஞ்சுகிறது. 1941 ஜூலையில் மாஸ்கோவில் அட்டை வந்தது: தொழிலாளிக்கு நாளொன்றுக்கு 800 கிராம் ரொட்டி, அவரை அண்டியிருப்போருக்கு 400. முற்றுகையிலிருந்த லெனின்கிராடில் அவ்வாண்டு நவம்பரில் குழந்தைக்கும் முதியவருக்கும் 125 கிராமாகச் சுருங்கிற்று. தானியம் விளைவித்த கூட்டுப்பண்ணைக் குடியானவருக்கோ அட்டையே கிடையாது. பண்ணையின் விளைச்சலைச் சர்க்கார் அற்ப விலைக்கு எடுத்துக்கொண்டது. அவர்கள் தம் கொல்லைக் கிழங்கை நம்பிப் பிழைத்தனர். திறந்த சந்தையில் உணவு விலை பத்து மடங்குக்கு மேல் ஏறிற்று. அங்கே கிழங்கு விற்றுச் சிலர் சேர்த்த பணத்தையும், 1947 டிசம்பரில் பங்கீட்டை நீக்கியபோது, பழைய பத்து ரூபிளுக்குப் புதியது ஒன்று என்று மாற்றிச் சர்க்கார் கரைத்துவிட்டது.

அதே டிசம்பரில் இந்தியாவும் தானியக் கட்டுப்பாட்டைத் தளர்த்தத் தொடங்கியது விந்தைதான். விலைகள் பாய்ந்தேறவே, மறு ஆண்டே கட்டுப்பாடு திரும்பி வந்தது.

உண்டபின் தாராவிக்கு நடந்தோம். தொண்ணூறடி ரோட்டில் நம்மவர் கடைகளைத் தாண்டி, ஒரு சந்துக்குள் நியாயவிலைக் கடை. 2022-க்குள் எல்லா மாநிலங்களும் சேர்ந்துவிட்ட ஏற்பாட்டின்படி, உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் சேர்ந்த குடும்பம் தன் ஊர் அட்டைக்குரிய தானியத்தை இங்கேயும் வாங்கலாம். இயந்திரத்தில் விரல் பதியாமல் ஒரு பாட்டி மூன்றாம் முறையாகக் கையைத் துடைத்துக்கொண்டிருந்தார். "ஊர்ல வயக்காட்டு வேலை, இங்க பாத்திரம் தேய்ப்பு, ரேகை எங்கய்யா இருக்கும்?" என்றார். நான்காம் முறை பதிந்தது. அரிசிப் பையை எம்மில் ஒருவர் அவர் வீட்டு வாசல்வரை சுமந்து சென்றார்.