பரிமாறுகிறவனுக்கும் ஓர் இலை

விடியற்காலை நான்கு மணி. வடக்குப்பட்டில் எங்கள் மெஸ்ஸின் பெரிய அடுப்பைப் பற்றவைத்து, இட்லிக் கொப்பரையில் நீர் ஊற்றிக்கொண்டிருந்தேன். கைப்பேசி ஒலித்தது. அழைத்தவன் இங்கிலாந்தில் ஓட்டல் ஒன்றில் சமையல் வேலை பார்க்கும் என் மூத்த மகன். அங்கே அப்பொழுது முந்தைய நாள் இரவு பத்தரை மணி. அடுக்களையைக் கழுவித் துடைத்துவிட்டு அவன் அறைக்குத் திரும்பும் நேரம். வழக்கமாக ஞாயிறு மாலையில்தான் பேசுவான். வேளையல்லாத வேளையில் அழைப்பு வந்தால், பெற்றவர் நெஞ்சம் முதலில் தீமையைத்தானே நினைக்கிறது!

“அப்பா, எங்கள் ஓட்டலை மூடப்போகிறார்கள். கிறிஸ்துமஸ் வரைதான் வேலை. அம்மாவிடம் இப்போது சொல்ல வேண்டாம்” என்றான்.

இது நடந்தது 2025 நவம்பரில். அன்று காலை நான் அவித்த இட்லி எப்படி இருந்தது என்று எனக்கு நினைவில்லை. ஆனால் அதற்குப் பின் அந்த வாரம் முழுவதும் என் மனச்சாட்சி என்னிடம் கேட்ட கேள்வி நன்றாக நினைவிருக்கிறது. அன்பு வாசகர்களே, அந்தக் கேள்வியை உங்கள் முன் வைக்கவே இதனை எழுதுகிறேன்.

எங்கள் ஊரைப் பற்றி முதலில் சில சொற்கள். வடக்குப்பட்டு, காஞ்சிபுரம் மாவட்டத்தில், ஒரகடத்துக்கு அருகே உள்ள சிற்றூர். ஏரியும் வயலுமாய் இருந்த வட்டாரம் இது. 2010-இல் ரெனோ–நிசான் கார்த் தொழிற்சாலையும், 2012-இல் டைம்லர் நிறுவனத்தின் லாரித் தொழிற்சாலையும், 2013-இல் ராயல் என்ஃபீல்டு மோட்டார் சைக்கிள் தொழிற்சாலையும் ஒரகடத்தில் உற்பத்தியைத் தொடங்கின. இவற்றுள் என்ஃபீல்டு வண்டி பிறந்தது இங்கிலாந்தின் ரெட்டிச் நகரில்; 1955-இல் சென்னைக்கு வந்தது; இன்று எங்கள் வாசற்படியில் உருவாகி உலகெங்கும் செல்கிறது. வண்டி அங்கிருந்து இங்கே வந்தது. என் மகன் இங்கிருந்து அங்கே சென்றான்.

2022-இல் இந்தியத் தொல்லியல் துறையினர் எங்கள் ஊர் மண்ணை அகழ்ந்து பார்த்தார்கள். உலோகம் அறியாக் காலத்து மனிதரின் கற்கருவிகள் கிடைத்தன. கடல் கடந்து வந்த ஜாடிகளின் ஓடுகளும் கிடைத்தன. அந்த ஜாடியைச் சுமந்து வந்தவனுக்கும் அன்று யாரோ ஒருவர் சோறு போட்டிருப்பார் அல்லவா? சென்னை–பெங்களூர்ச் சாலையில் எங்களுக்கு அடுத்திருக்கும் ஊர்ப்பெயர்களைப் பாருங்கள்: சுங்குவார்சத்திரம், பாலுச்செட்டிசத்திரம். வழிப்போக்கர் தங்கிப் பசியாற வசதி படைத்தோர் கட்டி வைத்த சத்திரங்களின் பெயரே ஊர்ப்பெயராய் நிலைத்துவிட்டது. தமிழில் ‘விருந்து’ என்னும் சொல்லுக்கே புதுமை என்பதுதான் பழைய பொருள். முன்பின் அறியாத புதியவரே விருந்தினர், உறவினர் அல்லர்.

சத்திரங்கள் மறைந்தன, சாலை நிற்கவில்லை. 2011-இல் நானும் என் மனைவியும் தகரக் கொட்டகையில் ஓர் அடுப்புடன் மெஸ் தொடங்கினோம். இன்று இப்பகுதியில் இத்தகைய மெஸ்களையும், வாடகை அறைகளையும், மகளிர் விடுதிகளையும் எண்ணி முடியாது. காலை, பிற்பகல், இரவு என மூன்று முறை வேலை மாறும். ஆகவே எங்கள் அடுப்பும் உறங்குவதில்லை. மாதத் தொடக்கத்தில் பணம் கட்டி அட்டை வாங்குவார்கள். ஒவ்வொரு வேளைக்கும் அதில் ஒரு துளை போடுவோம். தொடக்கத்தில் வந்தவர்கள் திருவண்ணாமலை, விழுப்புரம் பக்கத்துப் பிள்ளைகள். பின்னர் ஒடிசா, பீகார், ஜார்க்கண்டிலிருந்து வந்தார்கள். சாம்பாருக்குப் பக்கத்தில் பருப்பும் ரொட்டியும் இடம் பிடித்தன.

இந்தத் தொழில் எவ்வளவு மெல்லிய நூலில் தொங்குகிறது என்பதைப் பலமுறை கண்டோம். ஸ்ரீபெரும்புதூரில் 2006-இல் தொடங்கிய நோக்கியா தொழிற்சாலை 2014 நவம்பர் 1 அன்று மூடப்பட்டபோது, அதை நம்பியிருந்த தேநீர்க் கடைகளுக்கும் மெஸ்களுக்கும் அது பேரிடி. 2020 மார்ச் மாதத்தில் ஊரடங்கு வந்தது; அட்டை வைத்திருந்தவர்கள் அறைகளுக்குள் முடங்கினார்கள். 2022-இல் 19 கிலோ வணிக எரிவாயு உருளை 2,000 ரூபாயைத் தாண்டிச் சென்றது. இன்னொரு பாடமும் உண்டு. 2021 டிசம்பரில் இவ்வட்டாரத்து மின்னணுத் தொழிற்சாலை ஒன்றின் பெண் தொழிலாளர் நூற்றுக்கும் மேற்பட்டோர் விடுதி உணவால் நோயுற்று மருத்துவமனை சென்றனர். அவர்களுடைய தோழியர் நெடுஞ்சாலையில் அமர்ந்து நியாயம் கேட்டனர். 2024 ஆகஸ்டில் வல்லம் வடகாலில் 18,720 பெண் தொழிலாளர் தங்குவதற்கான பெரும் குடியிருப்பை அரசு திறந்து வைத்தது. சோறும் படுக்கையும் சிறு விஷயங்கள் அல்ல என்பதை நாடே உணர இத்தனை காலம் ஆயிற்று.

இனி மகனின் கதை. உணவாக்கக் கலை பயின்று, சென்னையில் சில ஆண்டுகள் வேலை செய்து, 2022-இல் இங்கிலாந்து சென்றான். அந்நாடு ஐரோப்பிய ஒன்றியத்தை விட்டு விலகிய பிறகு, போலந்து, ருமேனியா முதலிய நாடுகளிலிருந்து சமையலறைக்கு வந்துகொண்டிருந்த ஆட்கள் குறைந்துபோனார்கள். பெருந்தொற்றும் சேர்ந்துகொண்டது. சமையற்காரர் வேண்டும் என்று எங்கும் அழைப்பு. கடலோர ஊர் ஒன்றில், ஒரு மூதாட்டி நடத்தும் சிறிய ஓட்டலில் இவனுக்கு வேலை கிடைத்தது.

செல்வ நாட்டில் சாப்பாட்டுக் கடை மூடுவானேன் என்று எனக்குப் புரியவில்லை. கேட்டேன், விளக்கினான். அங்கே உணவகத்தில் சாப்பிடுவோர் செலுத்தும் விற்பனை வரி நூற்றுக்கு இருபது. நம் நாட்டில் எங்களைப் போன்ற உணவகங்களுக்கு ஐந்துதான். பெருந்தொற்றுக் காலத்தில் அங்கே அவ்வரியை ஐந்தாகக் குறைத்தார்கள். 2020 ஆகஸ்டில், வாரத்தில் மூன்று நாட்கள், சாப்பாட்டு விலையில் பாதியை, ஆளுக்குப் பத்து பவுன் வரை, அரசே ஏற்றது. அந்தச் சலுகைகள் முடிந்தன. 2025 ஏப்ரலில் ஒரே சமயத்தில் மூன்று சுமைகள் ஏறின. குறைந்தபட்சக் கூலி மணிக்கு 11.44 பவுனிலிருந்து 12.21 பவுன் ஆயிற்று. தொழிலாளருக்காக முதலாளி செலுத்தும் தேசியக் காப்பீட்டுத் தொகை நூற்றுக்கு 13.8-இலிருந்து 15 ஆயிற்று. ஆண்டுக்கு 5,000 பவுன் சம்பளத்தைத் தாண்டினாலே அதைக் கட்ட வேண்டும் என்றும் ஆயிற்று. கட்டட வரியில் உணவகங்களுக்கு இருந்த 75 விழுக்காட்டுத் தள்ளுபடி 40 ஆகக் குறைந்தது. கூலி உயர்வு நியாயமானதே. என் மகனும் கூலிக்காரன்தான். ஆனால் வருவோர் பையிலும் பணம் குறைந்திருக்கும் காலத்தில் விலையை எவ்வளவு ஏற்ற இயலும்? மதுவும் உணவும் ஊர்க்கூட்டமும் ஒருங்கே அமைந்த ‘பப்’ என்னும் பழைய கடைகள் ஊர்தோறும் மூடப்பட்டு வருகின்றன என்றான்.

அயல்நாட்டாரைச் சேர்க்கும் சட்டமும் இறுகியது. 2025 ஜூலை 22 முதல், சமையல் வேலைக்கு வெளிநாட்டிலிருந்து புதிதாக ஆள் எடுக்க இயலாது. முன்பே சென்றிருந்தவன் ஆதலால் இவன் தொடரலாம். ஆயினும் வேலை தந்தவர் கைவிட்டால், வேறொரு முதலாளியைத் தேடிக்கொள்ள ஏறத்தாழ அறுபது நாட்களே கெடு. இல்லையேல் நாடு திரும்ப வேண்டும்.

“அறுபது நாளில் எப்படியப்பா ஒரு மனிதன் வாழ்க்கையை மடித்து வைப்பான்?” என்று அன்று அவன் கேட்டான்.

நான் பதில் சொல்லவில்லை. சொல்ல நா எழவில்லை. ஏனெனில் அதற்கு முந்தைய நாள்தான் நான் வேறொரு பிள்ளைக்கு ஆறு நாள் கெடு கொடுத்திருந்தேன்.

அவன் ஜார்க்கண்டில் சிம்டேகா மாவட்டத்துப் பையன். மூன்று ஆண்டுகளாக எங்கள் மெஸ்ஸில் ரொட்டி தேய்ப்பவனும், பாத்திரம் துலக்குபவனும், பரிமாறுபவனும் அவனே. அரிசி மூட்டைகள் அடுக்கிய அறையில் படுத்துறங்குவான். அவனும் நம்மவன், ஞாயிறு திருப்பலிக்கு வந்து கடைசி வரிசையில் நிற்பான். தமிழ்ச் செபம் அவனுக்கு விளங்காது. ஆனால் எழவேண்டிய இடத்தில் எழுவான், முழந்தாளிட வேண்டிய இடத்தில் முழந்தாளிடுவான். அந்த ஐப்பசியில் அவனுக்குக் காய்ச்சல் கண்டு ஒன்பது நாள் படுத்தான். அந்த ஒன்பது நாள் கூலியை நான் பிடித்துக்கொண்டேன். அதே சமயத்தில் பக்கத்துத் தொழிற்சாலை ஒன்றில் ஒப்பந்தத் தொழிலாளரைக் குறைத்தார்கள். எங்கள் அட்டைகள் நூற்றிருபதிலிருந்து எழுபதாகச் சரிந்தன. “தம்பி, சனிக்கிழமையோடு கணக்கு முடித்துக்கொள். அறையும் வேண்டும், சாமான் வைக்க” என்று சொல்லிவிட்டேன். “சரி, ஐயா” என்றான். வேறொன்றும் சொல்லவில்லை.

இரண்டு நாள் கழித்து மகன் மறுபடி அழைத்தான். ஓட்டல் மூதாட்டி எல்லாப் பணியாளரையும் அழைத்து, விருந்தினர் அமரும் மேசையிலேயே உட்காரவைத்து, தம் கையால் சூப் பரிமாறினாராம். பிறகு கணக்குப் புத்தகத்தைத் திறந்து காட்டினாராம். “என்னால் இயலவில்லை, ஆனால் உங்களுக்கு வேலை கிடைக்கும் வரை, பிப்ரவரி இறுதி வரை, தங்கும் அறைகளைக் காலி செய்யச் சொல்ல மாட்டேன்” என்றாராம். சொல்லும்போது மகன் குரல் தழுதழுத்தது. “மூன்று வருடத்தில் அந்த மேசையில் நான் உட்கார்ந்தது அன்றுதான், அப்பா” என்றான்.

முகம் அறியாத அந்த அம்மையாரை நான் மனத்துக்குள் வணங்கினேன். வணங்கிய கையோடு தலையும் குனிந்தது. என் மகனை ஓர் அந்நியர் மேசையில் அமர்த்துகிறார். இன்னொருவர் மகனை நான் மூட்டை அறையிலிருந்தும் வெளியேற்றுகிறேன். இறுதித் தீர்வையில் கேட்கப்படும் கேள்விகளுள் அந்நியனை வரவேற்றாயா என்பதும் ஒன்று எனச் சிறு வயதிலேயே ஞானோபதேசத்தில் படித்தவன் நான். காசு கொடுத்து உண்ண வந்த அந்நியரை வரவேற்றேன். அவர்களுக்கு உணவு சமைத்த அந்நியனை மறந்தேன்.

அன்றிரவு கடைசிப் பந்தி முடிந்ததும் மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன், மகனின் செய்தி உட்பட. சற்று அழுதாள். பிறகு எழுந்து நான்கு இலை போட்டாள்: எங்களுக்கு இரண்டு, சமையற்கார அண்ணனுக்கு ஒன்று, அந்தப் பையனுக்கு ஒன்று. “உட்கார், தம்பி” என்றாள். அவன் தயங்கினான், நிற்பதுதான் அவனுக்குப் பழக்கம். அவளே பரிமாறினாள். உண்டபின் வரவு செலவு நோட்டை எடுத்து, எரிவாயு, எண்ணெய், அரிசி, வாடகை என வரி வரியாகப் படித்தேன். பையனுக்கும் புரியும்படி எனக்குத் தெரிந்த அரைகுறை இந்தியில் சொன்னேன். வழி சொன்னவர்கள் அவர்கள்தாம். இரவு இரண்டாம் பந்தியை நிறுத்திவிட்டால் ஓர் உருளை மிச்சமாகும் என்றார் சமையற்காரர். காலையில் ரொட்டியும் பருப்பும் பொட்டலமாகக் கட்டினால் வேலைக்கு ஓடுகிறவர்கள் வாங்குவார்கள் என்றான் பையன். 70 ரூபாய்ச் சாப்பாட்டை 80 ஆக்கி, காரணத்தைப் பலகையில் எழுதி வைத்தோம். சிலர் முணுமுணுத்தார்கள், பதினொருவர் அட்டையை நிறுத்தினார்கள், மற்றவர் தொடர்ந்தார்கள். பிடித்த ஒன்பது நாள் கூலியை மறுநாளே அவன் கையில் வைத்தேன்.

இதனால் என் மெஸ் தழைத்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். அட்டைகள் இன்னும் நூறு ஆகவில்லை. மகன் மூன்று இடங்களுக்கு விண்ணப்பித்தான். ஓர் இடத்திலிருந்து நேர்முகத்துக்கு அழைப்பு வந்திருக்கிறது. அது கூடினாலும் சரி, கூடாவிட்டாலும் சரி, அடுப்பும் வீடும் இங்கே இருக்கின்றன என்று அவனிடம் சொல்லியிருக்கிறேன்.

எங்கள் பழைய பங்குத் தந்தை ஒருமுறை சொன்னது நினைவுக்கு வருகிறது. இலத்தீன் மொழியில் ‘ஹோஸ்பெஸ்’ என்று ஒரு சொல் உண்டு. ஓட்டலுக்கும் ஆஸ்பத்திரிக்கும் ஆங்கிலப் பெயர் பிறந்தது அதிலிருந்துதான். விருந்தளிப்பவனையும் விருந்தினனையும் அந்த ஒரே சொல் குறிக்கும் என்றார். அன்று அது மொழி வினோதமாகத் தோன்றியது. இன்று பொருள் விளங்குகிறது. உலகெங்கும் அந்நியருக்குச் சோறு போடும் தொழிலை அந்நியர்களே தாங்கி நிற்கிறார்கள். இங்கிலாந்துக்காரருக்கு என் மகன். ஒரகடத்துத் தொழிலாளிக்கு சிம்டேகா மகன். காலம் கெட்டால் முதலில் இலை பறிபோவதும் அவர்களுக்கே.

ஆகவே அன்பர்களே, அடுத்த முறை ஓட்டலில் உண்டு எழும்போது, உங்கள் இலையை எடுக்க வரும் பிள்ளையிடம், “நீ சாப்பிட்டாயா, தம்பி?” என்று கேட்டுப்பாருங்கள். மெஸ் நடத்துகிறவர்களாக இருந்தால், நாள்தோறும் ஒரு வேளையாவது அவர்களோடு உட்கார்ந்து உண்ணுங்கள். எங்கள் மெஸ்ஸில் இப்போது கடைசிப் பந்தி ஒன்பதே முக்காலுக்கு. அதில் நான்கு இலை விழுகிறது.