சமாதானமும் நீதியே

வழக்கென்றால் ஒருவர் வெல்ல மற்றவர் தோற்க வேண்டும் என்பதே நம்மவரிற் பலரது எண்ணம். நீதிமன்ற வாயிலில் இரு பகுதியாரும் ஒன்றாய் வெளியேறக் கண்டால், "பின் எதற்காக இத்தனை தவணை அலைந்தார்கள்?" என்று நகைப்போரும் உளர். அந்நகைப்பு முறையானதா என்பதைச் சிறிது ஆராய்வோம்.

குற்றவியல் வழக்கைக் கொண்டு நடத்துவது பெரும்பாலும் அரசு. அவ்வாறாயின், அடித்தவரும் அடிபட்டவரும் தம்முள் இணங்கி அதனை முடிப்பது எங்ஙனம் பொருந்தும்? சட்டமே இதற்கு விடை வகுத்துள்ளது. கொலை போன்ற பாதகங்கள் சமுதாயம் முழுவதற்கும் இழைக்கப்படுவன. அவற்றைத் தனியொருவர் மன்னித்து முடிக்கவியலாது. சிறுகாயம் விளைத்தல், அத்துமீறி நுழைதல் முதலியவற்றின் நோவோ பெரும்பாலும் ஒருவரையே சாரும். இத்தகையவற்றை 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 266ஆம் பிரிவு அட்டவணையிட்டு, இணங்கும் உரிமையைப் பாதிக்கப்பட்டவரிடம் அளித்துள்ளது. அவ்வாறு இணங்கினால் எதிரி விடுதலை பெற்றவராகவே கொள்ளப்படுவார்.

1958ஆம் ஆண்டின் 10ஆம் இலக்கச் சட்டம் இணக்க சபைகளைத் தோற்றுவித்தது. அரசியற் சார்பான நியமனங்களால் நம்பிக்கை தளர, எழுபதுகளின் இறுதியில் அவை மறைந்தன. 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டத்தின்வழி வந்தவையே இன்றைய மத்தியஸ்த சபைகள். அங்கே பகுதியார் ஒவ்வொருவரும் ஒரு மத்தியஸ்தரைத் தெரிய, அவ்விருவரும் மூன்றாமவரைத் தெரிவர். சட்டத்தரணிகள் தோன்றி வாதிடுவதில்லை. சபை தீர்ப்புக் கூறுவதுமில்லை. இணக்கம் கிட்டாவிடின் அதற்கொரு சான்றிதழ் வழங்கும். அதன்பின் நீதிமன்றத்தின் கதவு திறந்தே இருக்கும்.

கீழ்க்கரையாருக்கு இம்முறை புதுமையன்று. குடிதோறும் மரைக்காயரைக் கொண்ட பள்ளிவாசல் நிருவாகமும், வண்ணக்கரைக் கொண்ட கோயில் நிருவாகமும் பிணக்குகளைப் பேசித் தீர்த்தல் அங்கு நெடுநாளைய வழக்கம். கல்முனையிற் கடமையாற்றிய காலத்தில், கல்முனைக்குடிக் கடற்கரையில் நிகழ்ந்த ஒரு பிணக்கை நாம் அருகிருந்து அறிந்தோம். கரைவலை இழுக்கும் முறை பற்றி இருவர் வாய்த்தர்க்கப்பட, மூத்தவர் இளையவரை ஏசிக் கையும் நீட்டிவிட்டார். காயம் சிறிது, வழக்கோ நீண்டது. தவணை நாளிலெல்லாம் இருவரது தோணியும் கரையிலேயே கிடந்தது. ஈற்றில் ஊர்ப் பெரியோர் நட்டஈடு பேசத் தொடங்கியபோது இளையவர் தடுத்தார்.

"காசு வேணாம் காக்கா. எல்லாருக்கும் முன்னால ஏசினீங்க. எல்லாருக்கும் முன்னால பிழையெண்டு சொல்லுங்க."

மூத்தவர் அதே கரையில், அதே வலைக்காரர் முன்னிலையில் அங்ஙனமே சொன்னார். வழக்கு இணக்கமாய் முடிந்தது. தண்டப் பணம் பொதுநிதியைச் சேர்ந்திருக்கும்; இளையவர் இழந்த மானத்தை அது மீட்டிருக்குமா? நாளையும் ஒரே கரையில் வலை வளைக்க வேண்டிய இருவருக்கு, அவ்வொரு சொல்லே தீர்ப்பினும் பெரிதாயிற்று.

எனினும், இணக்கம் என்ற பெயரில் வருவனவெல்லாம் இணக்கமாகா. கணவனிடம் அடிபட்ட பெண்ணை "குடும்ப மானம்" என்று சொல்லி வாய்மூடச் செய்வதும், செல்வரின் செல்வாக்குக்கு அஞ்சி ஏழை கையொப்பமிடுவதும் சமாதானமல்ல. அவை இரண்டாவது அடி. இவற்றை வேறுபடுத்தி அறிய எளியதோர் உரைகல் உண்டு. "மாட்டேன்" என்று அச்சமின்றிச் சொல்லக்கூடிய நிலையில் முறைப்பாட்டாளர் இருந்தாரா? இருந்து, "சரி" என்றாராயின் அது நீதி. அன்றேல், வழக்கு நடப்பதே நன்று.

நம் கல்லூரி மாணவருட் சிலர் நாளை சட்டத்தரணிகளாகலாம், சிலர் நீதவான்களாகலாம், பலர் தத்தம் ஊரிற் பெரியோராய் மத்தியத்தில் அமர்த்தப்படுவர். அப்போது முதலிற் பேசவேண்டியவர் நீங்களல்லர். நோவுண்டவர் எதை வேண்டுகிறார் என்று கேளுங்கள். பலவேளை, அவர் கேட்பது நாம் கொடுக்க நினைத்ததாக இராது.