காட்டிக்கொடுக்காத புகை

கடற்கரையிலிருந்து தாம்பரம் செல்லும் மின்தொடர்வண்டி குரோம்பேட்டையைத் தாண்டியதும் 'தாம்பரம் சானடோரியம்' என்னும் நிலையத்தில் நிற்கும். அன்றாடம் அங்கே ஏறி இறங்கும் ஆயிரக்கணக்கானோரில் எத்தனை பேர் அந்தப் பெயரின் பொருளை எண்ணிப் பார்க்கிறார்களோ, நாம் அறியோம். நோயுற்ற நுரையீரலுக்கென எழுப்பப்பட்ட ஒரு மருத்துவமனையின் பெயர்தான் அப்படியே ஊரின் பெயராகி நிலைத்துவிட்டது.

அம்மருத்துவமனையை 1928-ஆம் ஆண்டில் தொடங்கியவர் டாக்டர் டேவிட் சவுரிமுத்து. இங்கிலாந்தில் மெண்டிப் மலைப்பகுதியில் காசநோயாளருக்கான மருத்துவமனை ஒன்றை நடத்தியவர் அவர். கணிதமேதை இராமானுஜன் 1914-இல் இங்கிலாந்துக்குச் சென்ற கப்பலில் அவரும் பயணம் செய்தார். பின்னர் இராமானுஜன் நோயுற்றபோது, அவருடைய மருத்துவமனையில் சிலகாலம் தங்கியிருந்தார். தாயகம் திரும்பிய சவுரிமுத்து, பச்சைமலையின் அடிவாரத்தில் பன்னிரண்டு படுக்கைகளோடு தாம்பரம் மருத்துவமனையைத் தொடங்கினார். 1937-இல் அரசு அதனை ஏற்றுக்கொண்டது. காசநோய்க்குத் தக்க மருந்து கண்டுபிடிக்கப்படாத காலம் அது. தூய காற்றும் வெயிலும் ஓய்வும் நல்லுணவுமே சிகிச்சையாக இருந்தன. நல்ல காற்றைத் தேடி மக்கள் வந்து சேர்ந்த ஊர் நம் ஊர்.

நம் தந்தையாரும் அங்கேதான் படுத்திருந்தார். இரயில்வேயில் பணியாற்றியவர், நாளொன்றுக்கு இரண்டு கட்டு பீடி புகைப்பவர். மாலையில் மூலைப் பெட்டிக்கடைக்கு ஓடி அந்தக் கட்டுகளை வாங்கி வருவது, சிறுவராயிருந்த நம்முடைய வேலை. மீதிச் சில்லறைக்குக் கடலைமிட்டாய் வாங்கிக்கொள்ளலாம் என்பது நமக்குக் கிடைத்த கூலி. 1979-ஆம் ஆண்டு மழைக்காலத்தில், மூச்சு விடுவதையே பெரும் உழைப்பாகக் கொண்டு, அந்த மருத்துவமனைக் கட்டிலில் அவர் இறந்தார். அவருடைய நெஞ்சின் எக்ஸ்ரே படங்களை நம் அன்னையார் பழுப்பு உறையிலிட்டுப் பீரோவின் அடித்தட்டில் வைத்திருந்தார்.

இவ்வளவையும் கண்ணாரக் கண்ட நாம், நான்கு ஆண்டுகள் கழித்துக் கல்லூரிக்குப் பின்புறத்தில் நின்று முதல் சிகரெட்டைப் பற்றவைத்தோம். மனித மனத்தின் விந்தையை என்னென்பது! வீடு திரும்புமுன் கொய்யா இலையை மெல்லுவோம். ஏலக்காயை வாயில் அடக்கிக்கொள்வோம். ஆயினும் சட்டை காட்டிக்கொடுத்துவிட்டது. துணி துவைக்க எடுத்த அன்னையார், சட்டையை ஒருமுறை முகர்ந்தார். ஒரு சொல்லும் சொல்லவில்லை. அன்றிரவு நம் தலையணையின்மேல் அந்தப் பழுப்பு உறை இருந்தது.

அதன்பின் நாம் உடனே திருந்திவிட்டோம் என்று எழுத ஆசைதான், அது உண்மையன்று. நாம் சிகரெட்டை முற்றிலும் விட்டது 2003-இல், மகன் பிறந்தபோதுதான். இருபது ஆண்டுகள் ஆயின. ஆனால் அந்த இருபது ஆண்டுகளிலும், நாம் என்ன செய்கிறோம் என்பதை அறிந்த ஒருவர் வீட்டில் இருந்தார். அந்த எண்ணம் ஒவ்வொரு சிகரெட்டோடும் உடன் வந்தது.

இனி, 2023-ஆம் ஆண்டுத் தவக்காலத்தில் நிகழ்ந்ததைச் சொல்வோம். மகன் அப்போது பொறியியல் கல்லூரியில் மூன்றாமாண்டு மாணவன். ஒருநாள் அவனுடைய கால்சட்டைப் பையிலிருந்து, விரல் நீளத்தில் வழவழப்பான ஒரு பொருளைத் துணைவியார் எடுத்தார். மாம்பழ நிறம், அடியில் மின்னேற்றும் சிறு துளை. கணினியில் செருகும் ஏதோ கருவி என்றெண்ணி அவன் மேசைமீது பத்திரமாக வைத்தார். நாமும் பார்த்தோம், நமக்கும் அவ்வாறே தோன்றிற்று. முகர்ந்தும் பார்த்தோம். பழரசமிட்டாயின் மணம். புகைப்பிடித்த அனுபவம் இருபது ஆண்டுகள் உடைய நமக்கே ஒன்றும் விளங்கவில்லை! அடுத்த ஞாயிறு திருப்பலி முடிந்து கோயில் வளாகத்தில் பேசிக்கொண்டிருந்தபோது, பள்ளி ஆசிரியராகிய நண்பர் ஒருவர், தம் மாணவரிடமிருந்து பறிமுதல் செய்த 'வேப்' ஒன்றை விவரித்தார். நிறம், நீளம், மணம் எல்லாம் ஒத்திருந்தன. நம் கால்கள் தளர்ந்தன.

மின்சிகரெட் என்பதும் வேப் என்பதும் ஒன்றே. அதில் புகையிலை எரிவதில்லை. சிறிய மின்கலம் ஒரு கம்பிச்சுருளைச் சூடாக்கும், அச்சூட்டில் ஒரு திரவம் நுண்துளிகளாக மாறி ஆவிபோல் எழும், அதை உள்ளிழுப்பார்கள். திரவத்தில் கிளிசரின், புரொப்பிலீன் கிளைக்கால் என்பவற்றோடு நறுமணப் பொருள்களும், பெரும்பாலும் நிக்கோட்டினும் கலந்திருக்கும். இன்று நாம் காணும் வடிவில் இதை 2003-ஆம் ஆண்டளவில் உருவாக்கியவர் ஹான் லிக் என்னும் சீன மருந்தியலாளர். புகைப்பவர்களைப் புகையிலிருந்து மீட்பதே நோக்கம் என்று கூறப்பட்டது.

ஆனால் வணிகத்திற்கு வேறு கணக்கு இருந்தது. சாதாரண நிக்கோட்டின் தொண்டையை எரிக்கும். புதியவன் இருமிப் பின்வாங்குவான். அந்த எரிச்சல் இயற்கை வைத்த வேலி. நிக்கோட்டினை அமிலத்தோடு சேர்த்து உப்பாக்கி அவ்வேலியை அகற்றினார்கள். மாம்பழமும் புதினாவும் சேர்த்துப் பாதையை இனிப்பாக்கினார்கள். இந்தச் சிறு கருவிகளில் ஒரு பெட்டி சிகரெட்டுக்கு ஈடான நிக்கோட்டின் இருக்கலாம். சிலவற்றில் அதனினும் பன்மடங்கு. அமெரிக்காவின் ஜூல் நிறுவனத்தில் 35 விழுக்காட்டுப் பங்கை, 2018-இல் 1,280 கோடி டாலர் கொடுத்து வாங்கியது, மார்ல்பரோ சிகரெட்டை விற்கும் ஆல்ட்ரியா நிறுவனமே. இளையோரைக் குறிவைத்து விற்றதாக எழுந்த வழக்குகளில், பல மாநிலங்களுக்கு 43 கோடியே 85 லட்சம் டாலர் தர ஜூல் 2022-இல் உடன்பட்டது.

அதே கோயில் வளாகத்தில் இன்னொரு நண்பர், "இங்கிலாந்தில் அரசே இதைப் பரிந்துரைக்கிறதாமே!" என்று கேட்டார். அக்கேள்வியை ஒதுக்கிவிடுதல் நேர்மையாகாது. எரியும் சிகரெட்டின் புகையில் ஏழாயிரத்துக்கு மேற்பட்ட வேதிப்பொருள்கள் உள்ளன, தார் உண்டு, கார்பன் மோனாக்சைடு உண்டு. அதனோடு ஒப்பிட மின்சிகரெட்டின் தீங்கு குறைவு என்பதே அந்நாட்டு மருத்துவத்துறையின் நிலை. நெடுநாள் புகைத்தவர் சிகரெட்டை அறவே விட்டு இதற்கு மாறுவதை அங்கே ஏற்கிறார்கள். ஆயின் என்றுமே புகைக்காத இளைஞன் இதைத் தொடங்கலாம் என்று அவர்கள் சொல்லவில்லை. ஒருமுறை பயன்படுத்தி எறியும் வேப்களின் விற்பனையை அந்நாடே 2025 ஜூன் 1 முதல் தடைசெய்துவிட்டது. குறைந்த தீமை என்பது ஏற்கெனவே தீமையில் இருப்பவனுக்குரிய சொல். நம் மகன் புகைத்தவனல்லன்.

நுரையீரலைப் பற்றியும் ஒன்று சொல்லவேண்டும். நாவுக்குத் தீங்கற்றது நெஞ்சுக்கும் தீங்கற்றதாக இருக்கவேண்டும் என்பதில்லை. வெண்ணெய் மணம் தரும் டயசெட்டில் என்னும் பொருளை உணவில் சேர்க்கலாம். ஆனால் சோளப்பொரி ஆலைகளில் அதன் ஆவியைச் சுவாசித்த தொழிலாளர்களின் நுண்ணிய மூச்சுக்குழல்கள் மீட்கவியலாதபடி சேதமுற்றன. சில வேப் திரவங்களிலும் அப்பொருள் காணப்பட்டது. திரவம் மிகையாகச் சூடேறினால் ஃபார்மால்டிஹைடு உண்டாகிறது; கம்பிச்சுருளிலிருந்து நிக்கல், குரோமியம் போன்ற உலோகத் துகள்கள் கலக்கின்றன. அமெரிக்காவில் 2019-இல் வேப் பயன்படுத்தியோரிடையே கடும் நுரையீரல் நோய் பரவிற்று. 2020 பிப்ரவரிக்குள் 2,807 பேர் பாதிக்கப்பட்டனர், அவர்களுள் 68 பேர் இறந்தனர். அதற்குப் பெரிதும் காரணமானவை, கஞ்சாச் சாரத்தோடு வைட்டமின் ஈ அசிடேட் என்னும் எண்ணெய்ப் பொருளைக் கலந்த திரவங்களே. ஆனால் கள்ளச் சந்தையில் வாங்குபவன் குப்பிக்குள் இருப்பது எதுவென்று எப்படி அறிவான்? மேலும், மனித மூளை ஏறத்தாழ இருபத்தைந்து வயதுவரை வளர்ந்துகொண்டிருக்கிறது. அவ்வயதுக்குள் புகும் நிக்கோட்டின் கவனத்தையும் தன்னடக்கத்தையும் பாதிக்கிறது.

நம் நாட்டில் இது தடைசெய்யப்பட்ட பொருள். தமிழக அரசு 2018-இலேயே தடைவிதித்தது. நடுவண் அரசு 2019 செப்டம்பர் 18 அன்று அவசரச் சட்டம் கொண்டுவர, அவ்வாண்டு டிசம்பரில் அது நாடாளுமன்றச் சட்டமாயிற்று. உற்பத்தி, இறக்குமதி, விற்பனை, விளம்பரம் அனைத்தும் குற்றம். முதன்முறை ஓராண்டு வரை சிறை அல்லது ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டுமே. மீண்டும் செய்தால் மூன்றாண்டு வரை சிறையும் ஐந்து லட்சம் வரை அபராதமும். ஆயினும் மகனுக்கு அது எளிதாகவே கிடைத்திருக்கிறது. கைப்பேசியில் ஒரு செய்தி, ஜி.எஸ்.டி. சாலையோரத் தேநீர்க்கடை வாசலில் இருசக்கர வண்டியில் ஒரு பையன், அவ்வளவுதான்.

அவசரச் சட்டம் அறிவிக்கப்பட்ட அதே நாளில், சிகரெட் நிறுவனங்களின் பங்கு விலை உயர்ந்தது. ஆண்டுதோறும் பதின்மூன்று லட்சத்துக்கு மேற்பட்ட இந்தியரைப் புகையிலை கொல்கிறது என உலக சுகாதார நிறுவனம் கணக்கிடுகிறது. அந்தப் புகையிலையோ எல்லாப் பெட்டிக்கடைகளிலும் இன்றும் தொங்குகிறது. இந்த முரண்பாட்டைக் காணும்போது, 2017-இல் திருத்தந்தை பிரான்சிஸ் எடுத்த முடிவு நினைவுக்கு வருகிறது. வத்திக்கானில் பணியாளர்களுக்குச் சலுகை விலையில் சிகரெட் விற்கப்பட்டுவந்தது. நல்ல வருவாயும் கிட்டியது. மக்களின் உடல்நலத்தைத் தெளிவாகக் கெடுக்கும் ஒன்றுக்குத் திருப்பீடம் துணைபோகலாகாது என்று கூறி, 2018 முதல் அவ்விற்பனையை அவர் நிறுத்தினார். இளமையில் நோயால் நுரையீரலின் ஒரு பகுதியை இழந்தவர் அவர். தம் கடையைத் தாமே மூடியபின் பிறருக்கு அறிவுரை சொல்லுதல் எளிது.

நம் கடையை நாம் மூடியிருந்தோமா? இக்கேள்வியை மகனே கேட்டான்.

அன்று மாலை மொட்டைமாடிக்கு அவனை அழைத்துச் சென்றோம். மீனம்பாக்கத்தை நோக்கி விமானங்கள் தாழ்ந்து சென்றுகொண்டிருந்தன. அப்பொருளை அவன்முன் வைத்து, பாட்டனாரின் நோயையும் சாவையும் பேசி, குரலை உயர்த்தினோம். அவன் அமைதியாகக் கேட்டான். பிறகு, "இது புகையில்லை அப்பா, ஆவிதான். நீங்கள் சிகரெட் பிடித்தீர்களே, அதைவிட இது மேல்" என்றான்.

நாம் திகைத்தோம். நம் புகைப்பழக்கத்தை அவனிடம் ஒருநாளும் கூறியதில்லை. அவனுக்குத் தெரியாதென்றே இருபது ஆண்டுகள் நம்பியிருந்தோம்.

"யார் சொன்னது?"

"மாமா சொன்னார். எப்போதோ தெரியும். நீங்கள் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை."

அவன் ஒரு சிறு பொருளைப் பையில் மறைத்தான். நாமோ இருபது ஆண்டு வாழ்க்கையை மறைத்திருந்தோம். குரல் தானே தாழ்ந்தது. கல்லூரிப் பின்புறம், கொய்யா இலை, சட்டை, தலையணைமேல் இருந்த உறை, விட முயன்று தோற்ற முறைகள் என ஒன்றுவிடாமல் அன்று சொன்னோம். கடைசியில் பீரோவின் அடித்தட்டிலிருந்து அந்த எக்ஸ்ரே படத்தை எடுத்துவந்தோம். தெருவிளக்கின் வெளிச்சத்துக்கெதிரே அதைப் பிடித்து அவன் வெகுநேரம் பார்த்தான். பிறகே அவன் கதை வந்தது. தேர்வுக்கு முந்திய இரவுகளில் நண்பர்கள் கொடுத்தது, எட்டு மாதமாயிற்று, காலையில் கண் விழித்ததும் கை அதைத்தான் தேடுகிறது. "விட்டுப் பார்த்தேன், அப்பா. நான்கு நாளுக்குமேல் முடியவில்லை" என்றான்.

அடிமைப்பட்டவனின் மொழி அது. நமக்குப் பழக்கமான மொழி. புகையிலைப் பழக்கத்தை விடுவோர்க்கென அரசு நடத்தும் 1800-11-2356 என்னும் கட்டணமில்லாத் தொலைபேசி எண்ணை அவனே தேடி எடுத்தான். விட்டான்; அடுத்த தேர்வில் மீண்டும் தொட்டான்; வந்து சொன்னான்; மீண்டும் விட்டான். அவன் வந்து சொன்ன அந்நாளில் நாம் சினங்கொள்ளவில்லை என்பதே, இந்நிகழ்ச்சி முழுவதிலும் நாம் சரியாகச் செய்த ஒரே செயல் என எண்ணுகிறோம்.

பழைய புகைக்கு ஒரு நற்குணம் இருந்தது, அது காட்டிக்கொடுக்கும். தாய் முகர்ந்தறிவாள், ஆசிரியர் கண்டறிவார், பக்கத்துவீட்டார் வந்து சொல்வார். ஊரே சேர்ந்து காவல் காத்தது. இந்தப் புதிய ஆவிக்கு அந்தக் குணமில்லை. நம் பிள்ளைகளின் பைகளைத் துழாவலாம், அறைகளைச் சோதிக்கலாம். அவர்கள் நம்மினும் விரைவாக மறைக்கக் கற்றுக்கொள்வார்கள். முன்பு மூக்கு செய்த வேலையை இனி வாய்தான் செய்யவேண்டும். பிள்ளை வந்து சொல்லும் வீடாக நம் வீடு இருக்கவேண்டுமானால், முதலில் சொல்லவேண்டியவர்கள் பெற்றோராகிய நாமே.

மகன் இப்போது வேலைக்குச் செல்கிறான். தினமும் காலையில் சானடோரியம் நிலையத்தில் வண்டி ஏறுகிறான். அதைத் தொட்டு ஓராண்டுக்கு மேலாயிற்று என்கிறான். சோதித்தறிய அவன் சட்டையில் மணம் ஏதுமில்லை. அவன் சொல் இருக்கிறது. அதனை நாம் நம்புகிறோம். அந்தப் பழுப்பு உறையை இப்போது பீரோவில் வைப்பதில்லை. அவன் மேசையறையில், அவனே கேட்டு வாங்கி வைத்திருக்கிறான்.