மலையுச்சியில் ஒரு ஹோட்டல்

தென் அமெரிக்காவின் வட கரையிலே அமைந்த நாடு வெனிசுவேலா. அதன் தலைநகரான கராகஸில் நின்று அண்ணாந்து பார்த்தால், அவிலா மலையுச்சியில் வட்டக் கோபுரமொன்று தெரியும். அதுதான் ஹம்போல்ட் ஹோட்டல். எண்ணெய்ப் பணம் கொழித்த 1956ஆம் ஆண்டில், கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,100 மீற்றர் உயரத்தில் 14 மாடிகளுடன் எழுந்தது. கேபிள் காரில் ஏறிப் போவதே வழக்கம். அந்தக் கேபிள் கார் ஓடாதபோது ஹோட்டலும் வெறிச்சோடியது. பல தசாப்தங்கள் அது பூட்டியே கிடந்தது.

நாட்டின் ஹோட்டல் தொழிலுக்கும் பின்னர் அதே கதிதான். 2014இல் எண்ணெய் விலை சரிந்தது. 2016இல் லுப்தான்சா விமான நிறுவனம் கராகஸ் சேவையை நிறுத்தியது. விமானம் வராவிட்டால் விருந்தினர் ஏது? 2018இல் விலைவாசி கட்டுக்கடங்காமல் ஏற, நாணயத்திலிருந்து ஐந்து பூச்சியங்களை நீக்கினார்கள். 2019 மார்ச்சில் நாடே நாட்கணக்கில் இருளில் மூழ்கியது. மின்சாரமில்லாத ஹோட்டலில் குழாய்த் தண்ணீருக்கும் வழியில்லை.

எழுபது இலட்சத்திற்கும் அதிகமானோர் நாட்டை விட்டே போய்விட்டனர்.

ஹம்போல்ட் ஹோட்டலை அண்மைய ஆண்டுகளில் புதுப்பித்திருக்கிறார்கள். அழகுதான். ஆனால் சகோதரிகளே, விருந்தினரின் படுக்கையை விரித்து, அறையைக் கூட்டித் துடைப்பவள் ஒரு பெண். அவளுடைய மாதச் சம்பளத்தில் பிள்ளைகளின் பசி தீர வேண்டும். கட்டடத்தின் உயரத்தை மட்டும் பார்த்து ஒரு நாட்டின் ஹோட்டல் தொழிலை மதிப்பிட்டுவிட முடியுமா?